தூண் இல்லாத கூடம்

வெள்ளிக்கிழமை, இரவு. மழை விடவில்லை.

கண் டாக்டரைப் பார்க்கத் தஞ்சாவூர் போய்விட்டு இருட்டியபின் வீடு திரும்பினேன். விளக்கைப் போட்டால் கூடத்தில் இருந்த நான்கு பர்மாத் தேக்குத் தூண்களையும் காணோம். அந்த இடங்களில் கான்கிரீட் போடும்போது முட்டுக் கொடுப்பார்களே, அந்த இரும்புக் குழாய்கள் நிற்கின்றன.

சென்னையில் இருக்கும் நானாவுக்கு, என் அண்ணனுக்கு, போன் செய்தேன். வீடு எங்கள் இருவருக்கும் பொது.

“நாந்தான் ஆள் அனுப்புனேன் பாத்திமா. ரிசார்ட் கட்டுறவங்க தூணைக் கேட்டாங்க. நம்ம தெருவுல எல்லாருமே குடுத்துட்டாங்க.”

“எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே, நானா.”

“கேட்டா விட்டிருப்பியா?”

பிறகு அவரே மெதுவாகச் சொன்னார்: “இனிமே அங்க படுக்காதம்மா. ஓடு எப்ப வேணாலும் இறங்கிடும். இங்க வந்துடு.”

அப்போதுதான் எனக்குப் புரிந்தது. வீட்டை விற்கலாம் என்று அவர் பலமுறை கேட்டும் நான் சம்மதிக்கவே இல்லை. என்னைக் கிளப்ப அவருக்கு இதைவிடச் சுலபமான வழி கிடைத்திருக்காது. போனை வைத்துவிட்டேன். ஓடு இறங்கிவிடும் என்பது உண்மைதான்.

எதிர்வீட்டு மும்தாஜ் லாத்தா இருந்தால் அங்கே போய்ப் படுத்திருப்பேன். அந்த வீட்டைப் போன வருடமே இடித்துவிட்டார்கள்.

அடுப்படியில் பாய் விரித்திருக்கிறேன். கூடத்தில் மரம் முறிகிற மாதிரி சத்தம் கேட்டது. எழுந்துபோய்ப் பார்க்கவில்லை. துணிகளைப் பையில் அடுக்கிவிட்டேன். நானா நினைத்தபடியே நடக்கிறது.