கீழே வைத்த கிரீடம்

மார்ச் 4

காலையில் பகைநாட்டுத் தூதனை விரட்டியடித்தேன். மத்தியானம் தக்காளி பொறுக்கினேன். என் பேச்சைக் கேட்டதும் கடைக்காரர் நிமிர்ந்து பார்த்தார். "இந்தக் குரல எங்கேயோ கேட்டிருக்கேனே." தினமும் எட்டு மணிக்கு, டிவியில் என்று நான் சொல்லவில்லை. தொடரில் ராணியாக வரும் பெண் அழகாக வாயசைப்பாள், பேசுவது நான். கடைக்காரர் கூடவே நாலு தக்காளி போட்டார். ராணிக்குக் கப்பம் என்று எடுத்துக்கொண்டேன்.

மார்ச் 9

கடைசி வாரத்து வசனம் கைக்கு வந்தது. படித்ததும் பற்றிக்கொண்டு வருகிறது. போர்க்களத்தில் பெண்டாட்டியை விட்டுவிட்டு ஓடிய அரசன் திரும்பி வருகிறானாம். கோட்டையைத் தனியாளாகக் காத்தவள் அவன் காலடியில் கிரீடத்தை வைத்து, 'ஆள ஆசைப்பட்டது என் பிழை, பொறுத்தருளுங்கள்' என்று கதற வேண்டுமாம்.

ஓடினவன் அவன். மன்னிப்பு இவளா கேட்பாள்? இயக்குநரிடம் கேட்டேவிட்டேன்.

"குடும்பமா உக்காந்து பாக்குற தொடர்மா. முடிவு சுபமா இருக்கணும். நீங்க குரல்தானே? அத மட்டும் குடுங்க."

மாட்டேன் என்றால் வேறு ஆள் தயாராம். புதிதாக ஒரு பெண், நன்றாக அழுவாளாம்.

மார்ச் 10

குரல்தானேயாம்!

மார்ச் 13

வீட்டுக்காரரிடம் சொன்னேன். அட்டைக் கிரீடத்துக்காக யாராவது பிழைப்பைக் கெடுத்துக்கொள்வார்களா என்கிறார். அட்டைதான். எட்டு மணியானால் அந்த அட்டையைப் பார்க்கத்தானே செருப்போடு உள்ளே ஓடி வருகிறார்?

மாமியார் நான் சொல்லும் எதையும் ஒப்புக்கொண்டதில்லை. ராணி சொன்னால் மட்டும் தலையாட்டுவார். இன்று அவர் வாயைத் திறந்தார்: "அவ அவன் கால்ல விழுந்தா டிவிய அணைச்சிடுவேன்." இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக நாங்கள் ஒரே கட்சி.

ஒரு இயக்குநரை முறைத்துக்கொண்டால் எல்லா ஒலிப்பதிவுக் கூடத்துக்கும் செய்தி போய்விடும். தெரியும். பயமாகத்தான் இருக்கிறது. இருந்துவிட்டுப் போகட்டும்.

மார்ச் 16

இன்று பதிவு. இரவே ஒளிபரப்பு, வழக்கம்போல எல்லாமே கடைசி நேரம்.

திரையில் ராணி மண்டியிடுகிறாள். நன்றாகப் பணிய வேண்டும் என்று இயக்குநர் தலையை அப்படிக் குனியவைத்திருக்கிறார் — கூந்தல் சரிந்து முகம் முழுக்க மறைந்துவிட்டது. ஒலிப்பதிவாளர் கண்ணாடிக்கு அந்தப் பக்கத்திலிருந்து, "உதடே தெரியல. வசனத்தோட நீளம் மட்டும் பாத்துக்குங்க" என்றார்.

உதடே தெரியவில்லை.

இயக்குநர் வெளியே போனில் யாரையோ திட்டிக்கொண்டிருந்தார். நான் காகிதத்தை மடித்து வைத்தேன். அழவில்லை. மெதுவாகவே பேசினேன்:

"அரசே, ஓடியவர் காலில் நான் விழுவதில்லை. கிரீடத்தைத் தரையில் வைக்கிறேன். வேண்டுமென்றால் குனிந்து எடுத்துக்கொள்ளுங்கள்."

அடுத்த காட்சியில் அரசன் குனிகிறான். அவளைத் தூக்கிவிடத்தான் குனிந்தான், பாவம். படம் எடுத்தது எடுத்ததுதான், இனி அவன் நிமிர முடியாது.

ஒலிப்பதிவாளர் அதை ஒருமுறை போட்டுக் கேட்டார். பிறகு சொன்னார்: "நீளம் சரியா இருக்கு. மத்ததெல்லாம் என் வேலை இல்ல."

மார்ச் 17

இயக்குநர் போனில் கத்தினார். இனி அந்தப் பக்கமே தலைகாட்டக் கூடாதாம். மன்னிப்புக் கேட்டால் யோசிப்பாராம். சிரிப்பு வந்துவிட்டது. வைத்துவிட்டேன்.

மாமியார் காபியைக் கையில் கொண்டுவந்து கொடுத்தார். எனக்கு!

மார்ச் 28

ஊரே அந்த வசனத்தைப் பேசுவதால் தொடரை நீட்டிக்கிறார்கள். ராணிக்கு இப்போது அந்தப் புதுப் பெண்ணின் குரல். மாமியார் இரண்டு வாக்கியம் கேட்டார். "இது அவ இல்ல." டிவியை அணைத்துவிட்டார். நான் அடுக்களையில் போய் அழுதேன்.

மார்ச் 31

பழைய ராணி எங்கே என்று டிவிக்காரர்களுக்கு ஓயாமல் போனாம். ஒலிப்பதிவாளர் சொன்னார். இயக்குநரின் எண்ணும் வருகிறது. நான் எடுக்கவில்லை.

ஏப்ரல் 3

சாயங்காலம் அழைப்பு மணி. கதவைத் திறந்தால் இயக்குநர். கையில் வசனக் கட்டு.

"உள்ள வரலாமா?" என்றார்.

வரலாம் என்றேன். வாசலில் குனிந்து ஷூவைக் கழற்ற ஆரம்பித்தார். நாடா முடிச்சு அவிழவில்லை. எனக்கு ஒன்றும் அவசரமில்லை, நின்றுகொண்டிருந்தேன்.