நினைவில்லை என்று கையெழுத்திட்டேன்

2024 பெப்ரவரி 6
காலையில் மானிப்பாயில் இரத்த அழுத்தம் பார்த்தேன். கூடுதலாக இருந்தது. உப்பைக் குறைக்கச் சொன்னார்கள். வீடு திரும்பியபோது பதிவுத் தபால் ஒன்று காத்திருந்தது. உதயகலா என்ற கிராம அலுவலர்மீதான ஒழுக்காற்று விசாரணையில், அலுவலகத் தரப்புச் சாட்சியாக மார்ச் 12 அன்று நான் வரவேண்டுமாம்.

அது யார் என்று யோசிக்கவேண்டியிருந்தது. நவம்பர் வெள்ளத்தின்போது எங்கள் பத்திரிகைக்கு நான் எழுதிய செய்தி. நான்கு பந்தி.

பெப்ரவரி 9
பழைய இதழை எடுத்து வாசித்தேன். கிராம அலுவலரின் அலுவலகம் பூட்டியிருந்தது, மக்கள் வாசலில் நின்றார்கள். இரண்டும் என் கண்ணால் கண்டவை. கடைசி வசனம்: "கிராம அலுவலரைத் தொலைபேசியில் தொடர்புகொள்ள முயன்றபோதும் பதில் கிடைக்கவில்லை."

நான் முயலவில்லை. நாலரைக்குப் பக்கத்தை முடித்து அச்சுக்கு அனுப்பவேண்டும். அவருடைய எண்ணையே நான் கேட்டு வாங்கவில்லை. பொய் எழுதுகிறேன் என்ற எண்ணமும் அன்று வரவில்லை. அந்த வசனத்தைக் கை தானாகவே எழுதும்.

பெப்ரவரி 10
என் மனைவி ஞானாம்பிகை, கடிதம் என்னவென்று கேட்டாள். அலுவலக விஷயம் என்றேன்.

பெப்ரவரி 17
நெல்லியடியில் கேதீஸ்வரனைக் கண்டேன். பிரதேச செயலகமொன்றில் எழுதுவினைஞராக இருந்து ஓய்வு பெற்றவர்; உதயகலாவோடு வேலை செய்தவர். டிசம்பரில் உதயகலாவைப் பணியிலிருந்து இடைநிறுத்தியபோது விளக்கம்கூடக் கேட்கவில்லையாம்.

"உங்கடை பேப்பர் துண்டுதான் அண்ணை, ஃபைலிலை முதல் தாள்."

முதலாம் குற்றச்சாட்டு, அலுவலகத்தில் இல்லாதது. இரண்டாவது, யாரும் தொடர்புகொள்ள முடியாதபடி தொலைபேசியை நிறுத்தி வைத்தது. அவர் அன்று பள்ளிக்கூடத்தில் இருந்திருக்கிறார், இடம்பெயர்ந்து வந்த குடும்பங்களைப் பதிந்துகொண்டு. தொலைபேசி வேலை செய்ததாம். அன்றைய அழைப்புப் பட்டியலைக் கொண்டுபோனால் சான்றாக ஏற்க மாட்டார்களாம்.

"புருசன்ரை பேரிலை எடுத்த சிம்மாம். செல்லாதாம்."

ஒருவரைக் கேட்காமலே தண்டிக்கிறார்கள். நல்ல செய்தி, எழுதலாம் என்று மனம் முதலில் ஓடியது. பிறகுதான் உறைத்தது: நான் கேட்டேனா?

மார்ச் 11
நாளை சொல்லிவிடுவேன். நாற்பத்தொரு வருட வேலையில் ஒரு வசனம். சொல்லிவிடலாம்.

மார்ச் 12
ஒரு மேசை, ஐந்து கதிரை. விசாரணை அதிகாரி சோமசேகரம், ஓய்வு பெற்ற நிருவாக அலுவலர், மரியாதையான மனிதர். உதயகலாவை இன்றுதான் முதல் முறை பார்த்தேன். நாற்பது வயது இருக்கும். மடியில் ஒரு கொப்பி.

செய்தி நான் எழுதியதா என்று கேட்டார்கள். ஓம். அலுவலகம் பூட்டியிருந்ததா? ஓம்.

இனி உதயகலா என்னிடம் கேட்கலாம் என்றார் சோமசேகரம். அவர் கொப்பியைத் திறக்கவில்லை.

"ஐயா, நீங்கள் அண்டைக்கு எனக்குக் கோல் எடுத்தனீங்களோ?"

அவ்வளவுதான். இல்லை என்று சொல்ல ஒரு மூச்சுப் போதும். "அது வந்து…" என்றேன்.

சோமசேகரம் சிரித்தார். "பிள்ளை, நாலு மாசத்துக்கு முந்தின கோல் ஆருக்கு ஞாபகம் இருக்கும்? ஐயா, நினைவில்லை எண்டு போடுவமே?"

என்னைக் காப்பாற்றுவதாக நினைத்திருப்பார். நான் "ஓம்" என்றேன்.

எழுதி வாசித்துக் காட்டினார்கள். அழைத்ததாகவோ அழைக்கவில்லை என்றோ நினைவில்லை. கையெழுத்திட்டேன். உதயகலா என் கையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

மார்ச் 13
இல்லை எண்டு சொல்லியிருந்தா அந்தப் பிள்ளை தப்பியிருக்கும். நினைவில்லை எண்டபடியா நான் தப்பினன். எனக்கு நினைவிருக்கு. நல்லா இருக்கு. என்ன மனிசன் நான்?

மார்ச் 24
அடைக்கலநாதனிடம் போனேன். கூடப் படித்தவன், இப்போது சமாதான நீதவான். சத்தியக் கடதாசி ஒன்று வேண்டும் என்று முழுவதையும் சொன்னேன்.

"நாப்பது வருசமா ஊரவையின்ரை வாக்குமூலமெல்லாம் எழுதினனீ. உன்ரை ஒண்டை எழுத உனக்கு நாள் பாக்க வேணுமோ?"

ஆறு வரி. அவற்றில் ஒன்று: "நான் அவருக்கு அழைப்பு எடுக்கவில்லை." முத்திரை குத்தும்போது அவன் என் முகத்தைப் பார்க்கவில்லை. அது அவனுடைய பெருந்தன்மை.

மார்ச் 28
சோமசேகரம் கடதாசியை வாசித்துவிட்டுத் திருப்பித் தந்தார். "சாட்சியம் முடிஞ்சுது, ஐயா. இனி எடுக்கேலாது. இதை நீங்கள் அண்டைக்குச் சொல்லேல்லையே." அவர் தவறாகச் சொல்லவில்லை.

அங்கிருந்து உதயகலா வீட்டுக்குப் போனேன். படலையடியில் நின்றபடியே வாசித்தார். உள்ளே வரச் சொல்லவில்லை.

"இதை இப்ப ஆரட்டைக் குடுக்கிறது, ஐயா?"

கடதாசியை மடித்து எடுத்துக்கொண்டு படலையைச் சாத்தினார்.

ஜூலை 3
இரண்டு குற்றச்சாட்டும் நிரூபணமாம். வேலையிலிருந்து நீக்கம். கொழும்புக்கு மேன்முறையீடு செய்கிறார், என் கடதாசியையும் இணைத்திருக்கிறார் என்று கேதீஸ்வரன் சொன்னார்.

திருத்தம் போடும்படி எங்கள் பத்திரிகை ஆசிரியர் சுபாங்கனிடம் கேட்டேன். இரண்டு வரி போதும்.

"எல்லாரும் எழுதுற வசனந்தானே, அண்ணை. நீங்கள் ஏன் போய்ச் சத்தியம் பண்ணினனீங்கள்? இப்ப நாங்கள் எழுதினது முழுக்கப் பொய் எண்டெல்லே சனம் சொல்லும்."

ஜூலை 8
திருத்தம் வரவில்லை. இனிச் செய்தி எழுதவேண்டாம், பிழை பார்த்து ஒப்புநோக்கும் மேசையில் இருங்கள் என்றார் சுபாங்கன். சரி என்றேன். தண்டனையாக எடுத்துக்கொள்ள விருப்பம். ஆனால் அவர் என் வேலையைப் பறிக்கவில்லையே.

2025 ஒக்டோபர் 28
மாரி தொடங்கிவிட்டது. அவசர வேளையில் அழைக்கவேண்டிய கிராம அலுவலர்களின் பெயரும் எண்ணும் நாளைய பத்திரிகையில் வருகின்றன. பட்டியலை ஒப்புநோக்கினேன். முப்பத்தேழாவது பெயர், உதயகலா. வேறு பிரிவு.

மேன்முறையீட்டில் வென்றிருக்கிறார். எனக்கு யாரும் சொல்லவில்லை. சொல்லவேண்டியதும் இல்லை.

எண்கள் சரியா என்று காலையிலிருந்து ஒவ்வொன்றாக அழைத்துக்கொண்டு வந்தேன். இதையும் அழைத்தேன். உடனே எடுத்தார்.

"ஹலோ, ஆர் கதைக்கிறது?"

பெயரைச் சொன்னேன். அந்தப் பக்கம் யாரோ அவரிடம் படிவம் கேட்கும் சத்தம் வந்தது.

"நம்பர் சரியோ எண்டு பாக்க எடுத்தனான்."

"சரிதான்," என்றார். "வேறை?"

"ஒண்டுமில்லை, பிள்ளை."

"அப்ப வைக்கிறன். இஞ்சை ஆக்கள் நிக்கினம்."

பெயருக்கு நேரே சரி போட்டேன். முப்பத்தெட்டாவது எண்ணில் ஓர் இலக்கம் குறைந்திருந்தது.