மச்சிக்குப் போட்ட பூட்டு

அன்பின் ராத்தாவுக்கு, தம்பியின் ஸலாம்.

இத்தால் சகலருக்கும் அறியத்தருவது என்னவென்றால், நமது பூனை உன் புதுச் செருப்புப் பெட்டிக்குள் குட்டி ஈன்றுள்ளது. தாயும் சேய்களும் நலம்.

நீதான் நலமில்லை. காலையிலிருந்து கதவைப் பூட்டிக்கொண்டு அழுகிறாய். "ஒரு மெசேஜுக்கும் பதில் போடாத பெருமைக்காரி வேணாமெண்டு சம்மாந்துறை மாப்பிள்ள வீட்டார் சொல்லிட்டாங்களே" என்று உம்மா குசினியில் சமைத்தபடியே புலம்புகிறா. "எனக்கு ஒரு மெசேஜும் வரல்லயே உம்மா" என்ற உன் குரல் எனக்கும் கேட்டது.

முன்பின் தெரியாத ஒருவன் "மச்சி, மச்சி" என்று, காதடியில் ரீங்காரமிடும் நுளம்பு போல உன்னைத் தொல்லைப்படுத்தினானே. நான் பிளாக் பண்ணப் பண்ண, புதுப் பெயரில் வந்தான். கடைசியில், "நான் போட்டது நுளம்பு வலையில்ல ராத்தா, இரும்பு வலை" என்று பீற்றிக்கொண்டேன். நான் செய்தது இதுதான்: "மச்சி" என்ற சொல் உள்ள எந்தச் செய்தியும் உன் கண்ணில் படாமல் உன் போனில் மறைத்துவிட்டேன்.

மாப்பிள்ளையின் தங்கச்சி, அண்ணன் மனைவியாக வரப்போகும் உன்னை எப்படிக் கூப்பிடுவாள் என்று யோசிக்கவேயில்லை.

நீ அறைக்கு வெளியே விட்டுப்போன போனில் இப்போதுதான் தேடினேன். "மச்சி, சாறி என்ன கலர்?" "மச்சி, எங்களோட கோவமா?" எல்லாம் மறைந்து கிடக்கின்றன.

அல்லாஹ்வுக்காகக் கதவைத் திற. போனை வாங்கி அவளுக்கு இப்பவே கோல் எடு. என் மடத்தனத்தை நானே சொல்கிறேன்.

இன்னொன்று. அந்த நுளம்பு நேற்றே "தங்கம்" என்று எழுதி உள்ளே வந்துவிட்டது.

கதவடியில் நிற்கும்,
உன் தம்பி