வலி மாத்திரை என்று நான் கொடுத்தது

கடிதம் எழுதுவதே பிடிக்காத என் பிரியமான அப்பாவுக்கு,

நீங்கள் போய் இரண்டு மாதம் ஆகிறது. ரெம்பியாவில் உங்கள் வீட்டைப் பூட்டிச் சாவியை நான் வைத்திருக்கிறேன். உங்கள் மோட்டார் சைக்கிளைத் தம்பி மெர்லிமாவில் தன் வீட்டுக்கு ஓட்டிப் போய்விட்டான். நான் பாச்சாங் கிளினிக்கில் வழக்கம்போல மருந்து எடுத்துக் கொடுக்கிறேன். இன்னும் அழவில்லை. அடக்கத்தன்றுகூட, வந்தவர்களுக்கு மீகூன் நூடுல்ஸ் போதுமா என்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

உங்களிடம் ஒன்று சொல்ல வேண்டும். அது உங்களுக்கு முன்பே தெரியும் என்பது போன ஞாயிறுதான் எனக்குத் தெரிந்தது.

முப்பது வருடம் எண்ணெய் ஆலைக்குச் செம்பனைக் குலை ஏற்றி லாரி ஓட்டிய முட்டிகள் உங்களுடையவை. சிறுநீரகம் கெடத் தொடங்கியதும் டாக்டர் வலி மாத்திரையை நிறுத்தச் சொன்னார். நீங்கள் கேட்பதாக இல்லை.

"கிட்னி கெடக்கட்டும். நடக்க முடியல. மருந்து குடு லா."

ஒவ்வொரு ஞாயிறும் இதே சத்தம். தராவிட்டால் கடையில் வாங்கி விழுங்கிவிடுவீர்கள் என்று பயந்தேன். அதனால் வைட்டமின் மாத்திரைகளை ஓர் உறையில் போட்டு, 'வலிக்கு, காலையில் ஒன்று' என்று எழுதிக் கொண்டுவந்தேன்.

"புதுசுப்பா. கிட்னிய ஒன்னும் செய்யாது. நல்லா கேக்கும்."

அடுத்த ஞாயிறு நான் வந்தபோது வாசல் கேட் வரை நடந்து வந்தீர்கள். "பரவாயில்லம்மா. வலி பாதி கொறைஞ்சிருக்கு."

கல்யாண வீட்டில் சோறு குழைந்திருந்தால் பெண்ணின் அப்பாவிடமே போய்ச் சொல்கிற ஆள் நீங்கள். அதனால் நம்பினேன். ஒன்பது மாதம் நம்பினேன். கடைசியில் உங்களைக் கொண்டுபோனது நெஞ்சுவலி, சிறுநீரகம் இல்லை.

இதைக் கிளினிக் டாக்டரிடம் சொன்னபோது, "அதுக்குப் பேரு பிளசிபோ," என்றார். மருந்தில்லாத மாத்திரை. மருந்து என்று நம்பினால் சிலருக்கு வலி குறையுமாம். சரி என்று கேட்டுக்கொண்டேன்.

போன ஞாயிறு மாதா கோயிலில் பூசை முடிந்ததும் உங்கள் பக்கத்து வீட்டு பிலோமினா ஆண்டி என் கையைப் பிடித்தார். முதல் வாரமே அந்த மாத்திரை ஒன்றை அவரிடம் கொடுத்து, மருந்துக் கடையில் காட்டிக் கேட்டுவரச் சொன்னீர்களாம். வைட்டமின் என்று அவர் வந்து சொன்னாராம்.

"'எம்புள்ள பயப்படுது தங்கச்சி, அதுக்கிட்ட சொல்லிடாதே'ன்னாரு உங்கப்பா. அப்புறம் எதுக்கண்ணே அதை முழுங்குறீங்கன்னு கேட்டேன். 'சாப்பிடுறேன்னு சொல்லிட்டேன்ல'ன்னுட்டாரு."

வீட்டுக்கு வந்து பிளசிபோ என்ற அந்தச் சொல்லைப் போனில் தேடினேன்.

லத்தீன் சொல்லாம். பொருள், 'மகிழ்விப்பேன்'. நம் தமிழைப் போலவே 'நான்' அந்தச் சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. ஆஸ்பத்திரிக்கு வருவதற்கு முன் அது கோயிலில் இருந்திருக்கிறது. இறந்தவர்களுக்கான மாலைச் செபத்தில், வாழ்வோர் நாட்டில் ஆண்டவரை மகிழ்விப்பேன் என்று பாடும் வரியின் முதல் சொல் அது. பிறகு அந்தக் காலத்து ஐரோப்பாவில், செத்தவரை அறியாதவர்கள்கூடச் சாப்பாட்டுக்காக வந்து அதைப் பாடினார்களாம். அப்படியே முகத்துதி செய்கிறவனுக்குப் பெயராகி, அப்புறம் நோயாளியின் திருப்திக்குக் கொடுக்கும் மருந்தாகி, இப்போது வெறும் மாத்திரை.

உங்கள் அடக்கத்துக்கும் அப்படிச் சிலர் வந்தார்கள். "தங்கமான மனுசன், யாரையும் ஒரு சொல் சொன்னதில்ல," என்றார்கள். உங்களிடம் ஒரு நாளும் பேசியிருக்க மாட்டார்கள்.

அந்த ஞாயிறு வாசல் கேட் வரை எப்படி நடந்தீர்கள் அப்பா? எனக்காகவா? ஒன்பது மாதமும் முழுசாக வலித்ததா? மருந்தில்லை என்று தெரிந்தே விழுங்கினாலும் சிலருக்குக் கேட்கும் என்று போனில் ஒரு வரி இருந்தது. அதையே திரும்பத் திரும்பப் படித்தேன். உங்களுக்கும் கேட்டதா என்று இனி யாரிடம் விசாரிப்பது?

கோயிலில் எல்லாரும், "எப்படிம்மா இருக்கே?" என்கிறார்கள். "நல்லா இருக்கேன்," என்கிறேன். அவர்கள் முகம் தெளிகிறது. நான் வந்து பாத்திரம் கழுவுகிறேன்.

வரும் ஞாயிறு பிலோமினா ஆண்டி கேட்டால் அப்படிச் சொல்ல மாட்டேன் அப்பா. "உள்ள எல்லாம் மரத்துக் கெடக்கு ஆண்டி. கொஞ்ச நேரம் பக்கத்துல உக்காருங்க," என்று சொல்வேன். சத்தியமாகச் சொல்வேன்.

உங்கள் மூத்த மகள்,
ரெஜினா