பூனையின் இறப்புக்கு மூன்று வாக்கியங்கள்

மார்ச் 3, செவ்வாய்

ஆவணக் காப்பகப் பூனை செத்து எட்டு நாளாகிறது. அதைக் "காலமானார்" என்று எழுதுவதா, "இறந்தது" என்று எழுதுவதா என்று அதன் கட்டுரையின் உரையாடல் பக்கத்தில் இன்னும் அடிதடி. இணையக் கலைக்களஞ்சியத்துக்குச் சம்பளமில்லாமல் உழைக்கும் பதினோரு பேர். ஒருவர் முகம் ஒருவருக்குத் தெரியாது. ஆனால் விட்டுக்கொடுப்பது மட்டும் யாருக்கும் ஆகாது. அரசு ஊழியர் பட்டியலில் "எலி ஒழிப்பு" என்று அதற்கு ஒரு வரி இருந்தது, ஆகவே மரியாதை வேண்டும் என்கிறார் ஒருவர். அப்படியானால் எலிப்பொறிக்கும் மரியாதை கொடுங்கள் என்று கறார் எழுதியிருந்தார். கறார் என்பது புனைபெயர், ஆளும் அப்படித்தான். நான் "இறந்தது" பக்கம். நான் வேலை பார்க்கும் மூக்குக்கண்ணாடிக் கடையில் ஆள் வராத மதியத்தில் சட்டங்களைத் துடைத்துக்கொண்டே நாலு பதில் போட்டேன்.

வீட்டுக்கு வந்தால் அத்தான் அந்தப் பூனையின் எவர்சில்வர் கிண்ணத்தைக் கழுவிக்கொண்டிருக்கிறார். ஆபீஸிலிருந்து எடுத்து வந்திருக்கிறார். தினமும் கழுவுகிறார்.

ஆவணக் காப்பக ஆபீஸில் அத்தான், அக்காவின் கணவர், உதவியாளர். ஒன்பது வருடம் அதற்குச் சோறு வைத்தவர் அவர்தான். எல்லோரும் அதை "ஆபீசர்" என்றுதான் கூப்பிடுவார்களாம். தொடர்ந்து நான்கு நாள் விடுமுறை வந்தது. விடுமுறையிலும் போய்ச் சோறு வைப்பது அவர் வேலை. அதற்கு முந்தின சாயங்காலம் அக்காவுக்குப் பித்தப்பை வலி வந்து ஆஸ்பத்திரிக்கு ஓடினோம். அங்கிருந்தே அத்தான் கண்காணிப்பாளருக்குப் போன் போட்டு லீவு சொன்னார். பக்கத்தில் நின்று நானே கேட்டேன். "நாலு நாளைக்கு ஆபீசருக்கு யாரையாவது வைங்க சார், பதிவறைச் சாவி காவலாளிகிட்ட இருக்கு." "சரி நீ போ, நான் பாத்துக்கறேன்" என்றாராம். ஒருவரையும் வைக்கவில்லை. திங்கட்கிழமை கதவைத் திறந்தபோது கதவுக்குப் பின்னாலேயே கிடந்ததாம். கதவின் அடிப்பக்கம் முழுக்க நகக்கீறல்.

விசாரணை வரும் என்று பேச்சு. "எனக்கென்ன பயம், சொல்லிட்டுத்தானே போனேன்" என்கிறார் அத்தான்.

அவர் என் அத்தான் என்று கலைக்களஞ்சியத்தில் நான் யாரிடமும் சொல்லவில்லை. உறவு இருந்தால் சொல்ல வேண்டும் என்று விதி. அந்த விதியை எழுதியவர்களில் நானும் ஒருத்தி.

மார்ச் 6, வெள்ளி

கட்டுரையை முதற்பக்கத்துக்குப் பரிந்துரைத்திருக்கிறார்கள். இறப்புப் பகுதி மட்டும் ரொம்ப நீளம் என்று குறை. ஒன்பது வாக்கியம். கட்டுரை பூனையைப் பற்றியது, ஆபீஸ் பஞ்சாயத்தைப் பற்றியது இல்லை, மூன்று போதும் என்றார் கறார். எல்லோரும் ஆமாம் போட்டார்கள். வெட்டத்தான் ஆளில்லை.

நான் வெட்டினேன். காவலாளி ஒரு சின்னப் பத்திரிகைக்குச் சொன்னதும் அதில் போயிற்று. உதவியாளர் லீவில் இருந்தார், மாற்று ஆள் போடுவதாக மேலதிகாரி சொல்லியிருந்தார் என்று அவர் சொன்னது. அதை நானே எடுத்தேன். நாளைக்கு என் உறவு தெரியவந்தால், சொந்தக்காரருக்குச் சாதகமாக எழுதினாள் என்று ஒரு பேச்சு வரக்கூடாது இல்லையா?

மிச்சம் இது:

பதிவறையில் நான்கு நாள் உணவின்றி அடைபட்டு இறந்தது. அதன் பராமரிப்பு ஓர் அலுவலக உதவியாளரின் பொறுப்பில் இருந்தது. விசாரணை நடத்தப்படும் என்று துறை அறிவித்தது.

"உங்கள் கத்தரிக்கு ஈடில்லை" என்று எழுதிப் பக்கத்தில் ஒரு பூப்படம் போட்டிருந்தார் கறார். நாள் முழுக்க எனக்குத் தலைகால் புரியவில்லை.

மார்ச் 8, ஞாயிறு

"இறந்தது" வென்றது. ஆறுக்கு ஐந்து.

மார்ச் 15, ஞாயிறு

பக்கத்து வீட்டுக்காரர் காலையிலேயே பேப்பரோடு வந்து நின்றார். பெரிய பத்திரிகை, உள்பக்கம், அரைப் பக்கம். "பட்டினி போட்ட பொறுப்பாளர்" என்று தலைப்பு. கீழே என் மூன்று வாக்கியங்கள். "அடைபட்டு" மட்டும் "பூட்டப்பட்டு" ஆகியிருந்தது. மற்றதெல்லாம் அச்சு அசலாக நான் எழுதியது.

அத்தான், நான் செய்துகொடுத்த கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு தடவை படித்தார். "நான் லீவுல இருந்தத யாருமே சொல்லலையேம்மா" என்றார். என்னைப் பார்த்துத்தான் சொன்னார். நான் தோசைக் கரண்டியைத் தேடுகிற மாதிரி உள்ளே போய்விட்டேன்.

மார்ச் 17, செவ்வாய்

குற்றச்சாட்டுக் குறிப்பாணை வந்துவிட்டது. அந்தப் பத்திரிகைத் துண்டை அதோடு பின் அடித்து வைத்திருக்கிறார்கள். போன் வந்ததாக ஞாபகமே இல்லை என்கிறார் கண்காணிப்பாளர். காவலாளி "எனக்கும் குடும்பம் இருக்குண்ணே" என்று தலையைக் குனிந்துகொண்டாராம். சின்னப் பத்திரிகை தன் தளத்திலிருந்து அந்தச் செய்தியைத் தூக்கிவிட்டது. யார் சொல்லித் தூக்கினார்களோ.

அக்டோபரில் அத்தானுக்கு ஓய்வு. முப்பத்துநாலு வருடத்தில் ஒரு மெமோ வாங்காத மனிதர்.

மார்ச் 20, வெள்ளி

வெட்டியதைத் திரும்பப் போட்டேன். பத்து நிமிடத்தில் கறார் எடுத்துவிட்டார். சான்று இப்போது இணையத்தில் இல்லை, பெரிய பத்திரிகை அப்படிச் சொல்லவும் இல்லை என்றார். என் மூன்று வாக்கியங்களுக்கு அந்தப் பெரிய பத்திரிகையையே சான்றாக யாரோ இணைத்திருக்கிறார்கள். அவர்கள் எடுத்ததே நம்மிடமிருந்துதான் என்று எழுதினேன். "நிரூபியுங்கள்" என்று ஒற்றைச் சொல் வந்தது.

அப்புறம் சொன்னேன். அந்த உதவியாளர் என் அக்கா கணவர், அவர் போன் பேசியபோது நான் பக்கத்தில் நின்றேன் என்று. இரண்டு மணி நேரம் போயிற்று. பிறகு கறார், ரொம்ப மரியாதையாக, விதியை ஒட்டிவிட்டுப் போனார். உறவுள்ளவர் கட்டுரையைத் தொடக்கூடாது, தன் நேரடி அறிவைச் சான்றாகக் காட்டக்கூடாது. இரண்டாவது பாதி என் வாக்கியம். போன வருடம் எழுதியது.

மார்ச் 24, செவ்வாய்

ஊழியர் சங்கத்துக்காரர் வீட்டுக்கு வந்தார். காவலாளி பேசினதற்கு ஒரே ஒரு தாள் கிடைத்தால் போதும், அதை வைத்து அவரை உட்கார வைத்துப் பேசிச் சாட்சி சொல்ல வைத்துவிடுவேன் என்றார்.

தாள் இருக்கிறது. கட்டுரையின் திருத்த வரலாற்றில் எதுவும் அழியாது. மார்ச் ஐந்தாம் தேதி என்ன இருந்தது, காவலாளி சொன்னது வார்த்தைக்கு வார்த்தை, எந்தப் பத்திரிகை, எந்தத் தேதி, எல்லாம் இருக்கும். அடுத்த வரியில், அதை நீக்கியது யார் என்பதும் இருக்கும்.

குண்டூசி.

அதுதான் அங்கே என் பெயர். அக்கா கல்யாணத்தின்போது எனக்குப் பதினொரு வயது. அப்பா அம்மா இல்லாத என்னையும் சேர்த்துக் கூட்டிக்கொண்டு போனவர் அத்தான். ஒல்லியாக இருந்து எல்லாவற்றிலும் குற்றம் குத்திக்கொண்டிருந்ததால் வைத்த பெயர். அவரைத் தவிர உலகத்தில் யாரும் என்னை அப்படிக் கூப்பிட்டதில்லை.

"தேடிப் பாக்கறேன்" என்றேன் சங்கத்துக்காரரிடம்.

மார்ச் 29, ஞாயிறு

குடுக்கல. இன்னும் குடுக்கல. என்ன பொம்பள நான்? தினமும் அவர் கையால காப்பி வாங்கிக் குடிக்கிறேன். "குண்டூசி, ஏண்டி மூஞ்சி இப்படி வாடிக் கெடக்கு"ங்கறார். அவர் எனக்கு ஆறுதல் சொல்றார். எனக்கு.

ஏப்ரல் 4, சனி

கொடுத்துவிட்டேன். கடைக்குப் பக்கத்து ஜெராக்ஸ் கடையில் அச்செடுத்து மூன்று தாள். பெயர் இருக்கும் வரியைக் கையால் மறைத்து நகலெடுக்கலாமா என்று அங்கே நின்றபோது நினைத்தேன். நினைத்தேன் என்பதையும் இங்கே எழுதி வைக்கிறேன்.

சங்கத்துக்காரர் படித்துவிட்டுத் தலையில் கைவைத்துக்கொண்டார். "இத அன்னைக்கே குடுத்திருந்தா அந்தக் காவலாளிய அமுக்கிப் புடிச்சிருப்பேனேம்மா. ஒண்ணாந்தேதி மாத்தல் வாங்கிட்டு எங்கயோ போயிட்டான்" என்றார்.

அப்புறம் தாள்கள் அத்தான் கைக்குப் போயின. கண்ணாடியைப் போட்டார். விரலை வரிவரியாக நகர்த்தினார். ஒரு இடத்தில் விரல் நின்றது. ரொம்ப நேரம் நின்றது. மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு வாசலுக்குப் போய்விட்டார். ஏன் என்று கேட்டிருந்தால் காலில் விழுந்திருப்பேன்.

ஏப்ரல் 8, புதன்

விசாரணை. "யார் வேணும்னாலும் எழுதற எடம் இது. இத எப்படி ஆதாரமா எடுத்துக்க முடியும்?" என்று தாள்களைத் தள்ளிவிட்டாராம் விசாரணை அதிகாரி. பத்திரிகைத் துண்டைக் கோப்பில் வைத்துக்கொண்டார்.

ஏப்ரல் 19, ஞாயிறு

அக்கா கேட்டாள்: "உனக்கும் அவருக்கும் என்னடி ஆச்சு? ரெண்டு வாரமா மொகம் குடுத்துப் பேசிக்கல."

அப்படியானால் அவளிடம் சொல்லவில்லை. என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை.

மே 12, செவ்வாய்

பணி நீக்கம். உத்தரவு ஒரே பக்கம். அக்கா திரும்பத் திரும்ப "ஒரு பூனைக்கா, ஒரு பூனைக்கா" என்றே சொல்லிக்கொண்டிருந்தாள். "அதுவும் பாவம்தான். நாலு நாளு" என்றார் அத்தான். கிண்ணத்தை எடுத்துப் பரண்மேல் வைத்தார்.

நான் அழுதேன். அழ எனக்கு என்ன யோக்கியதை என்று அழுகையை நிறுத்தினேன்.

மே 20, புதன்

கட்டுரை முதற்பக்கத்தில் வந்திருக்கிறது. "வருத்தங்கள் இருந்தாலும், இறப்புப் பகுதி சுருக்கமாக அமைந்ததில் உங்கள் பங்கு பெரிது" என்று கறார் செய்தி அனுப்பியிருந்தார். ஆபீஸில் புதுப் பூனை வந்துவிட்டதாம், அதற்குத் தனிக் கட்டுரை வேண்டுமா என்று வாக்கெடுப்பு ஆரம்பித்திருக்கிறார்கள்.

நான் வாக்குப் போடவில்லை. கணக்கை மூடிவிட்டேன். வரலாற்றில் பெயர் அழியாது, அது எனக்குத் தெரியும்.

மே 31, ஞாயிறு

மதியம் கடைக்கு அத்தான் வந்தார். கண்ணாடியின் ஒரு கால் கழன்றுவிட்டது. வீட்டிலேயே என்னிடம் கொடுத்திருக்கலாம். மேசைமேல் வைத்திருந்தால்கூட எடுத்து வந்திருப்பேன். இரண்டு பேருக்குப் பின்னால் வரிசையில் நின்றார்.

முறை வந்ததும் கண்ணாடியை என் முன்னால் வைத்தார். எட்டு வாரத்தில் அவர் என்னிடம் பேசிய முதல் பேச்சு இது.

"ஸ்க்ரூ கழண்டுடுச்சுங்க. கொஞ்சம் பாருங்க."

"உக்காருங்க அத்தான்" என்று நாற்காலியை இழுத்துப் போட்டேன்.

"பரவாயில்லைங்க" என்றார். "நிக்கறேன்."

ஸ்க்ரூவை மாட்டி, இரண்டு பக்கமும் துடைத்துக் கொடுத்தேன். போட்டுக்கொண்டு சுவரில் மாட்டியிருந்த எழுத்துப் பலகையைக் கடைசி வரி வரைக்கும் படித்துப் பார்த்தார். நல்லாத் தெரியுதுங்க என்று சொல்லிவிட்டுப் போனார்.