செல்லம்மாவின் தலைகீழ்ப் பெயர்

15.2.1978, புதன்

கண்ணை மூடினால் எழுத்துகள் தலைகீழாக மிதக்கின்றன.

மட்டாஞ்சேரி சுக்குக் கிடங்குப் பெண்களுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுக்கத் தொடங்கி மூன்று மாதம். சாயா நேரத்தில் மட்டும்தான் அனுமதி. பலகை கிடையாது. வெளுப்பதற்காகச் சுக்கில் பூசும் சுண்ணாம்பு தூளாக உதிர்ந்து தரையெங்கும் வெள்ளையாகப் படிந்திருக்கும். அதில் விரலால் எழுதுவேன்.

இன்று செல்லம்மா கைநாட்டு வைக்காமல், வருகைப் பதிவேட்டில் முதன்முறையாகப் பெயர் எழுதினாள். கணக்கப்பிள்ளை ஏட்டைத் தன் பக்கம் திருப்பிப் பார்த்துவிட்டு விழுந்து விழுந்து சிரித்தார். பெயர் முழுவதும் தலைகீழாக இருந்தது.

"நீங்க எதிர்ல இருந்து எழுதினது எனக்கு இப்படித்தானே டீச்சரே தெரிஞ்சுது?" என்றாள் செல்லம்மா.

அவள் தூளில் எழுதிக் காட்டியபோதெல்லாம் எதிரே இருந்த எனக்கு நேராகவே தெரிந்தது. கிடங்குக்குள் நுழைந்த முதல் டீச்சர் என்ற பெருமை வேறு! ஒருநாளாவது அவள் பக்கம் போய் உட்கார்ந்தேனா?

எந்தெந்தத் தேசத்திலோ பெண்களுக்கு முதன்முதலில் எழுத்துச் சொன்னவர்களும் மணலில் எழுதியிருப்பார்கள். அவர்கள் எந்தப் பக்கம் உட்கார்ந்தார்களோ.

தூக்கம் சொக்குகிறது. செல்லம்மாவைப் போல என் பெயரைத் தலைகீழாக எழுதிப் பார்த்தேன். மூன்று முறை முயன்றும் எனக்கு வரவில்லை.