சீருடை பொருந்திய இருவர்

திங்கள்
ஈரப் பனி. மோர்டென்ஸ்ருட் ரயில் நிலையப் படிகளில் வழுக்கல். இந்தக் கொப்பியிடம் ஒரு மன்னிப்பு: ஆய்வு எழுத வேண்டிய நேரத்தில் உன்னில் எழுதுகிறேன். வெள்ளிக்குள் மூன்றாம் அத்தியாயம் அனுப்ப வேணும்.

நான் ஆய்வுக்கு எடுத்த நடிகர் ஜெர்மன்காரர். போருக்குப் பிறகு வந்த படங்களில் நாட்சி அதிகாரி வேண்டுமென்றால் அவரைத்தான் கூப்பிட்டார்கள். நீண்ட தாடை, நல்ல உயரம். மூன்று நிமிடம் வருவார், உத்தரவு போடுவார், போய்விடுவார். வயதாகும்வரை அதே. இத்தனைக்கும் இளமையில் அதே நாட்சிகள் அவரைச் சிறையில் வைத்திருந்தவர்கள்.

நான் எழுதிய வரி: "இப்பாத்திரங்களை அவர் விரும்பியே ஏற்றார், அவை அவருக்கு இலகுவாக வந்தன." வைலேடர், என் ஆய்வு வழிகாட்டி, ஓரத்தில் 'நன்று' போட்டிருக்கிறார். என் ஆய்வில் அவர் போட்ட முதல் 'நன்று'.

செய்ய: உடுப்புத் தோய்க்க. நூலகப் புத்தகம் இரண்டு. பல் டொக்டருக்கு ரெலிபோன் (நான் இன்னும் எடுக்கவில்லை. இது மூன்றாவது வாரம். போனில் ஆள் கதைக்கத் தொடங்கினால் எனக்குக் குரல் வராது).

செவ்வாய்
யோகன் மாமா அப்பாவுக்கு ரெலிபோன் எடுத்தார். எங்கள் தமிழ்ச் சங்க ஆண்டுவிழா நாடகம் அவர்தான் போடுகிறவர். ஸ்பீக்கரில் இருந்ததால் எல்லாம் கேட்டது.

"அண்ணை, ஆமிக்காரன் வேசம் வழக்கம்போல நீங்கள்தான். உங்களை மாதிரிச் சிங்களம் இஞ்சை ஆருக்கு வரும்?"

"ஓம், ஓம்," என்றார் அப்பா. பஸ் ஓட்டிவிட்டு வந்த உடுப்போடு, கையில் தேத்தண்ணி.

எனக்கு ஆறு வயதில் முதல் நாடகம். பள்ளிக்கூட மண்டபம். அப்பா பச்சை உடுப்பில் வந்து ஒரு பெடியனின் புத்தகப் பையைக் காலால் தட்டினார். சனிக்கிழமைத் தமிழ் வகுப்பில் என்னோடு இருந்தவள் அதற்குப் பிறகு எங்கள் காரில் ஏற மாட்டன் என்று அழுதாள். அப்பா பின்னால் பஸ்ஸில் வந்தார். அம்மா கார் ஓட்டினா.

புதன்
ஸ்ட்ரோம்மன் கடைத்தொகுதி. அம்மாவுக்கு வேலைச் சப்பாத்து. கடை வாசலில் அப்பாவுக்குத் தெரிந்த ஒருவர், இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு: "கொமாண்டர், சுட்டுப் போடாதேங்கோ. நான் பிள்ளைகுட்டிக்காரன்."

அப்பா சிரித்தார். ஆமிக்காரன் குரலில் அவரிடம் ஐசி, அடையாள அட்டை, கேட்டார். அவரும் சிரித்தார். எத்தனை வருடமாக இதே பகிடி.

திரும்பி வரும்போது ரேடியோ போடவில்லை. "நீ ஆரைப் பற்றி எழுதுறாய்?" என்று கேட்டார். சொன்னேன். அவர் சிறையில் இருந்ததையும்.

"அவரை ஆரும் விருப்பமோ எண்டு கேட்டவையோ?"

"அது அவரின்ரை தொழில்தானே, அப்பா."

அப்பா சிக்னல் போட்டுத் திரும்பினார்.

வியாழன்
அம்மா வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தா. அப்பா எங்கே சிங்களம் படித்தவர் என்று கேட்டேன். கொழும்பில் கடையில் நின்று பழகினது என்றுதான் இவ்வளவு நாளும் நினைத்திருந்தேன்.

"கடையோ? ஆமி பிடிச்சுத் தடுப்பிலை இருக்கேக்கை பழகினது. நாடகத்திலை கத்துற சொல்லெல்லாம் அங்கை அவரைப் பார்த்துக் கத்தின சொல்லுத்தான்."

"யோகன் மாமாவுக்குத் தெரியுமோ?"

"ஆர் கேட்டது? நல்லாச் செய்யிறார் எண்டு கை தட்டுவினம். நாடகம் முடிஞ்ச அண்டைக்கு இவர் சாப்பிடமாட்டார். நீ கவனிக்கேல்லையோ?"

கவனிக்கவில்லை. களைப்பு என்று நினைத்தேன். எல்லாவற்றையும் கவனிக்கிற பிள்ளை என்று என்னைச் சொல்வார்கள்.

பிறகு என் நடிகரின் காட்சியைத் திரும்பப் போட்டேன். உத்தரவு போடுமுன் ஒருதரம் கையுறையைப் பார்க்கிறார். அதை 'அவரது பாணி' என்று எழுதியிருக்கிறேன். பாணியாகவும் இருக்கலாம். எனக்குத் தெரியாது.

'விரும்பியே ஏற்றார்' என்ற வரியை அழித்தேன்.

வெள்ளி
மழை. அத்தியாயம் அனுப்பியாச்சு. 'நன்று' வாங்கிய வரியின் இடத்தில் இப்போது: "அவரிடம் விருப்பம் கேட்கப்பட்டதா என்பதற்கு நான் ஆதாரம் தேடவில்லை." வைலேடர் என்ன சொல்வாரோ.

ஆறு மணிக்கு ஒத்திகை. அப்பா நாடகத்துப் பச்சைச் சட்டையை அயன் பண்ணுகிறார். கொலர், பிறகு கை. வாய்க்குள் வசனம். சத்தமில்லை, உதடு மட்டும். பெல்ட்டில் புது ஓட்டை ஒன்று குத்தியிருக்கிறார்.

கதவடியில் நின்றேன்.

"என்ன, பிள்ளை?"

"ஒண்டுமில்லை."

அறைக்கு வந்து இதை எழுதுகிறேன். ஐந்தேகால். அயன் பெட்டியை வைக்கிற சத்தம்.

பிறகு திரும்பிப் போனேன். யோகன் மாமாவின் நம்பரைப் போனில் எடுத்து வைத்துக்கொண்டு. கேட்டேன்:

"அப்பா, இந்தமுறை நீங்கள் நடிக்க வரேல்லை எண்டு நான் அவருக்குப் போன் எடுத்துச் சொல்லட்டோ?"